ஆனைச்சுவடி படுத்த கதை

அந்தக் காலத்தில், செடிக்கும் மிருகத்துக்கும் வாய் இருந்தபோது, ஆனைச்சுவடி நெஞ்சுயரம் நின்றது. இப்போது தரையோடு ஒட்டிக் கிடக்கிறதே, அதே பூண்டுதான். அன்றைக்கு அதற்கு அந்தப் பெயர் கிடையாது. எந்தப் பெயரும் கிடையாது. பச்சையாக எது இருந்தாலும் யானைகளுக்கு அது தீனி. அவ்வளவுதான்.

ஒரு கோடையில் மழை பொய்த்தது. மூங்கில் காய்ந்தது, புல் கருகியது. யானைக் கூட்டமொன்று கண்ணில் பட்ட பச்சையையெல்லாம் வாரி வாயில் போட்டுக்கொண்டே ஆற்றைத் தேடி நடந்தது. அதில் கரியாள் என்று ஒருத்தி. அவள் குட்டிக்குக் காய்ச்சல். உடம்பு அனலாகக் கொதித்தது. அதைவிட மோசம், முந்தின நாளிலிருந்து சொட்டு மூத்திரம் போகவில்லை. வயிறு கல் மாதிரி இறுகிக் கிடந்தது. இப்படியே இன்னொரு நாள் போனால் பிழைக்காது என்று கரியாளுக்குத் தெரியும்.

கூட்டம் பள்ளத்தில் மேயப் போனது. கரியாள் குட்டியை ஒரு பாறை நிழலுக்குத் தள்ளிக்கொண்டு வந்தாள். பாறைக்குப் பின்னால் பச்சையாக ஒரு செடி நின்றது. தும்பிக்கையை நீட்டினாள்.

"திங்கத்தானே வர்ற?" என்றது செடி.

"எனக்கில்ல. புள்ளைக்கு நேத்துலேருந்து மூத்திரம் போகல."

"அதை முதல்லயே சொல்றதுக்கென்ன? ரெண்டு இலையைப் பறி. நல்லா மென்னு சாறை அவன் வாயில விடு. காய்ச்சல் எறங்கும். பொழுது சாயறப்ப என் வேர்ல ஒரு நுனியைக் கிள்ளிக் குடு. அடைப்பு அதுலதான் ஒடையும்."

"வேரை இப்பவே குடுத்தா என்ன?"

"உடம்பு கொதிக்கறப்ப வேரைக் குடுத்தா தாங்கமாட்டான். அவசரப்படாதே. அதுவரைக்கும் என்னை உயிரோட வச்சிரு. உங்க கூட்டம் தின்னு தின்னு எங்க சாதியே அழிஞ்சு போச்சு. இந்த மலையில மிச்சம் நான் ஒருத்திதான்."

கரியாள் இலையைப் பறித்து மென்று சாறைப் புகட்டினாள். கொஞ்ச நேரத்தில் குட்டியின் காது ஆடத் தொடங்கியது. அப்போதுதான் பள்ளத்திலிருந்து கிளைகள் முறியும் சத்தம். கூட்டம் மேலே ஏறி வந்துகொண்டிருந்தது. எல்லாம் பசித்த வயிறு. இந்தச் செடி ஒரு வாய்க்குக்கூடக் காணாது.

யோசிக்க நேரமில்லை. காலைத் தூக்கிச் செடியின் மேல் வைத்துவிட்டாள்.

"அடி பாதகத்தி! மருந்து குடுத்தவளையே மிதிக்கிறியே!"

"வாயை மூடு. பொறுத்துக்கோ."

தண்டு மடங்கியது. இலைகள் மண்ணில் பரந்தன. கரியாள் தன் பாரத்தை மற்ற மூன்று கால்களில் வாங்கிக்கொண்டாள். நான்காவது கால் செடியை மூடியது, நசுக்கவில்லை. மலையளவு உடம்பை வைத்துக்கொண்டு அப்படி நின்று பார்த்தால்தான் அந்தப் பாடு தெரியும்.

கூட்டத்துக்கு மூத்தவள் கரியாளின் அக்கா. அவள் நேராக வந்து நின்றாள்.

"இந்த வெயில்ல என்னடி இங்க நிக்கிற?"

"கால்ல முள்ளுக்கா."

"முள்ளு குத்துன காலை எவளாவது தரையில ஊன்றிக்கிட்டு நிப்பாளா? தூக்கு, பார்ப்போம்."

"வேண்டாம். தானா வந்துடும்."

அக்காளின் தும்பிக்கை கரியாள் காலைச் சுற்றி மோந்தது. பிறகு குட்டியின் வாயை மோந்தது.

"பச்சை வாசம் வருது. எங்களுக்குக் காட்டாம நீ மட்டும் தின்னிருக்க. வயித்துல எத்தனை மூட்டை பதுக்கிருக்கியோ!"

மற்ற யானைகள் சிரித்தன. கரியாள் காலை எடுக்கவில்லை.

"ஆறு இன்னும் தூரம். இப்பக் கிளம்பலேன்னா விட்டுட்டுப் போயிருவோம்" என்றாள் அக்கா.

கூட்டத்தை விட்ட யானை, அதுவும் பஞ்சத்தில், சீக்குப் பிள்ளையோடு. அதன் கதி என்ன என்று கரியாளுக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை. ஆனாலும் அவள் நகரவில்லை. கூட்டம் போய்விட்டது.

வெயில் ஏறியது. தூக்கிப் பிடித்த கால் மரத்துப் போனது. கீழே சத்தமே இல்லை.

"உசுரோட இருக்கியா?"

"இருக்கேன். பேசிப் பேசி பாரத்தை எம்மேல எறக்காதே."

பொழுது சாய்ந்ததும் காலை எடுத்தாள். வேரில் ஒரு நுனியைக் கிள்ளி மென்று குட்டிக்குக் கொடுத்தாள். குட்டி நின்றது. முனகியது. பின்கால் இரண்டையும் அகட்டியது. அப்புறம் மடை திறந்த மாதிரி கொட்டியது பாருங்கள், கரியாள் கால் எல்லாம் நனைந்தது.

"என் மேலயுமா!" என்று செடி கத்தியது. "போகட்டும். இந்தக் கோடையில எனக்குக் கிடைச்ச ஈரமே இதுதான்."

கரியாளுக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தது. செடியைப் பார்த்தாள். இலைகளெல்லாம் அவள் பாதத்தின் அளவுக்கு வட்டமாகப் பரந்து, அவள் தோல் மாதிரியே சொரசொரத்துக் கிடந்தன. தும்பிக்கை நுனியால் தூக்கிவிடப் பார்த்தாள். பிடி கிடைக்கவில்லை.

"விடு. நிமிர்ந்து நின்னவங்கெல்லாம் உங்க வயித்துக்குள்ள போயிட்டாங்க. நான் இப்படியே கெடக்கேன். பூக்கிறப்ப மட்டும் ஒரு காம்பை மேல அனுப்புறேன். வேணும்கிறவங்களுக்கு அடையாளம் தெரிஞ்சாப் போதும்."

மடங்கிய தண்டில் முற்றிய விதை இருந்தது. அதன் முடிகள் குட்டியின் வால் மயிரில் சிக்கிக்கொண்டன. குட்டி வாலைச் சுழற்றிக்கொண்டு கூட்டத்தின் தடம் பார்த்து முன்னால் ஓடியது. கரியாள் நொண்டிக்கொண்டே பின்னால் போனாள். ஆறு வரைக்கும் விதை உதிர்ந்தது.

அன்று முதல்தான் ஆனைச்சுவடி, யானை மிதித்துவிட்டுப் போன தடம் போல மண்ணோடு ஒட்டிக் கிடக்கிறது. மேய வருகிற ஆடு பல்லுக்குப் பிடி கிடைக்காமல் தாண்டிப் போகிறது, நீர்க்கடுப்பு வந்தவன் மட்டும் அதன் ஊதாப் பூவைத் தேடிக் குனிகிறான்.