சவரிமுத்துவின் எட்டாவது வரி

மத்திய சிறையின் மூன்றாம் பிளாக்கில் ராப் பாட்டுக் கற்றுக்கொடுக்கும் கைதி கபில். வயது இருபத்தாறு. அவனுடைய சீடர்களில் மூத்தவர் சவரிமுத்து, ஐம்பத்தைந்து. ராப்புக்கு வாய் மடமடவென்று ஓட வேண்டும். சவரிமுத்துவுக்கோ திக்குவாய். காலையில் ஆள் எண்ணும்போது தன் பெயரை அவர் சொல்லி முடிப்பதற்குள் பின்னால் இருப்பவர்கள் சிரித்து ஓய்ந்துவிடுவார்கள்.

ஆனால் தாளத்தில் ஏற்றிச் சொன்னால் வார்த்தை வந்தது. அது தெரிந்த நாளில் மனுஷன் அழுதேவிட்டார்.

குடிவெறியில் ஒருவனை வெட்டிவிட்டு உள்ளே வந்து ஏழு வருஷம். அவரால் படிப்பை விட்டு வேலைக்குப் போன மகள் ஜெனிட்டா, அப்பாவைப் பார்க்க ஒரு நாளும் வந்ததில்லை. இந்தச் சனிக்கிழமை முதன்முறையாக மனு போட்டு அவரைப் பார்க்க வருகிறாள். கம்பி வலைக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் நின்று பத்து நிமிஷம் பேசலாம். அதற்குள் அவளிடம் மன்னிப்புக் கேட்டாக வேண்டும். எட்டு வரி எழுதி வைத்திருந்தார்.

கபில் சாப்பாட்டுத் தட்டைக் கவிழ்த்துத் தாளம் போட்டான். ஏழு வரி வந்தது. எட்டாவதில் சிக்கியது.

“சி... சிக்கிக்கினா என்னா பண்றது, வாத்தியாரே?”

கபில் தட்டிக்கொண்டே இருந்தான். சவரிமுத்து கண்ணை மூடினார், எச்சில் விழுங்கினார், வியர்த்துப்போனார். தட்டுகிற கை நிற்கவில்லை. ரொம்ப நேரம் கழித்து வார்த்தை வந்து சேர்ந்தது.

“நாளைக்கு வாங்கண்ணே,” என்றான் கபில்.

சனிக்கிழமை சந்திப்பு முடிந்து திரும்பியவர், சுவர்ப் பக்கம் முகத்தைத் திருப்பி உட்கார்ந்துகொண்டார்.

“பாடினீங்களா?” என்றான் கபில்.

திக்கித் திக்கித்தான் சொன்னார். “ஏழு வரி. கம்பில வெரலால தட்டிக்கினே பாடினேன். எட்டாவதுல ‘மன்னிச்சிடும்மா’ன்னு வரணும். ‘ம’லயே நின்னுட்டேன். தாளமும் போச்சு.”

“அப்புறம்?”

“அந்தப் பக்கத்துலேர்ந்து அவ தட்டுனா. நான் தட்டுன மாதிரியே.”

“வார்த்தை வந்துச்சா?”

“வரல. அதுக்குள்ள மணி அடிச்சிட்டாங்க. ஏழு வருசம் கழிச்சு வந்த புள்ளகிட்ட ஒரு வார்த்தை சொல்ல எனக்குத் துப்பில்ல.”

துண்டால் முகத்தை மூடிக்கொண்டார்.

“மணி அடிச்சதும் தட்டுறத நிறுத்திட்டாளாண்ணே?”

சவரிமுத்து மெல்லத் துண்டை விலக்கினார்.

“இல்ல. வார்டர் வெளிய போவச் சொன்னாரு. வாசல் வரைக்கும் செவுத்துல தட்டிக்கினேதான் போனா.”

கபில் தட்டை எடுத்துக் கவிழ்த்தான்.

“அப்போ பாட்டு இன்னும் முடியல. இப்படித் திரும்பி உக்காருங்கண்ணே. ‘ம’லேர்ந்து வாங்க.”