அன்னக்கூடத்துத் தரை

மடத்தில் புதிதாகக் கட்டிய அன்னக்கூடத்துக்குச் சிமெண்ட் தளம் போட்டு முடித்திருந்தார்கள். வெறும் சிமெண்ட் என்றால் சிந்துகிற தண்ணீர், சாம்பார், அழுக்கு எல்லாவற்றையும் உறிஞ்சிக் கறை பிடித்துப்போகும். அதன் மேல் சீலர் என்று ஒரு பூச்சு அடிக்க வேண்டும். அந்த வேலையைத் தையல்நாயகி அம்மாள் பொன்னுரங்கத்திடம் விட்டார்.

அம்மாள்தான் அந்த மடத்துக்குக் குரு. நாற்பது வயதுகூட இருக்காது. பொன்னுரங்கம் பஸ் டிப்போவில் மெக்கானிக்காக இருந்து ஓய்வு பெற்றவர். மனைவியின் காரியம் முடிந்த மறுநாளே வீட்டைப் பூட்டிக்கொண்டு மடத்துக்கு வந்தவர், அப்புறம் அந்தப் பக்கம் தலைவைத்துக்கூடப் படுக்கவில்லை. ஒரே மகள் சுகந்தி போன் செய்வாள். வீட்டை எப்போது திறப்பது, அம்மாவின் புடவைகளை என்ன செய்வது என்று கேட்பாள். இவர் போனை எடுப்பதையே விட்டுவிட்டார். காவி கட்டிவிட்டால் இதெல்லாம் தன் மேல் ஒட்டாது என்று நம்பினார், பாவம். கூடம் திறக்கும் நாளிலேயே காவி கொடுத்துவிட வேண்டும் என்று அம்மாளை நச்சரித்துக்கொண்டிருந்தார்.

"முதல்ல தரையைப் பாருங்க ஐயா" என்றார் அம்மாள்.

பெயிண்ட் கடைக்காரர் படித்துப் படித்துச் சொல்லி அனுப்பினார். தளம் மேலே காய்ந்த மாதிரி தெரிந்தாலும் அடியில் ஈரம் நிற்குமாம். ஒரு பாலிதீன் தாளைத் தரையில் விரித்து, ஓரமெல்லாம் டேப் ஒட்டி, ஒரு நாள் விட்டுப் பார்க்க வேண்டும். தாளுக்கு அடியில் தண்ணீர் முத்து முத்தாக நின்றால் சீலர் டப்பாவைத் தொடவே கூடாது.

பொன்னுரங்கமும் அப்படியே தாளை ஒட்டினார். மறுநாள் உரித்துப் பார்த்தால் அடியில் தண்ணீர் வேர்த்திருந்தது. மனுஷனுக்குத் திறப்பு விழா கண்ணுக்குள்ளேயே நின்றது. துண்டை எடுத்து அந்த ஈரத்தைத் துடைத்தார். ஃபேனைக் கொண்டுவந்து ஓடவிட்டார். உள்ளங்கையால் தடவினார், காய்ந்துதான் இருந்தது. அது போதும் என்று சீலரை அடித்துவிட்டார். தரை கண்ணாடி மாதிரி பளபளத்தது. பார்த்தவர்கள் எல்லாரும் மெச்ச, அவருக்குத் தலைகால் புரியவில்லை.

விழாவுக்கு முந்தின நாள் காலையில் போய்ப் பார்த்தால் கூடம் முழுக்கக் கொப்பளம். தொட்டால் பொத்துக்கொண்டு தண்ணீர் கசிந்தது. அங்கங்கே வெள்ளையாக உப்புப் பூத்திருந்தது. வெளியே போக வழியில்லாத ஈரம் பூச்சையே தூக்கிவிட்டிருந்தது.

பொன்னுரங்கம் சுரண்டியை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தார். சற்று நேரத்தில் அம்மாளும் ஒரு சுரண்டியோடு வந்து பக்கத்தில் உட்கார்ந்தார். ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருந்தால்கூடத் தேவலை போலிருந்தது அவருக்கு. கடைசியில் தானே வாயைத் திறந்தார்.

"தாளுக்கு அடியில தண்ணி நின்னதைப் பார்த்தேம்மா. தொடச்சிட்டு அடிச்சிட்டேன்."

"சரி."

"நாளைக்கு ஜனம் வருமே?"

"வரட்டும். வெறும் தரையிலயே இலை போடுவோம். சாம்பார் கொட்டும், கறை விழும். தேய்ச்சுக் கழுவிக்கலாம்."

பொன்னுரங்கம் இன்னும் இரண்டு கொப்பளங்களைச் சுரண்டித் தள்ளினார். பிறகு மெதுவாக, தன் காவி என்ன ஆயிற்று என்று கேட்டார்.

"வீட்டைத் திறந்துட்டு வாங்க. பொண்ணையும் வரச் சொல்லுங்க. அவங்கம்மா துணிமணியை ரெண்டு பேருமா எடுத்து வைங்க. காவியைப் பத்தி அப்புறம் பேசலாம்."

பொன்னுரங்கம் சுரண்டியைக் கீழே வைத்தார். மனைவி போன அன்றைக்கே அவர் அழவில்லை. வந்தவர்களுக்கு நாற்காலி எடுத்துப் போட்டுக்கொண்டிருந்தார்.

"அங்க போயும் எனக்கு அழுகை வரலேன்னா என்னம்மா பண்றது?"

அம்மாள் சுரண்டுவதை நிறுத்தவில்லை.

"உங்களுக்கு வரலேன்னா போகட்டும் ஐயா. அந்தப் பொண்ணுக்கு வருமில்ல? பக்கத்துல ஆள் வேணாமா?"