தானாகப் புரளும் உருண்டை

எங்கள் மூவரில் யார் பெரிய மடையன் என்பது இன்னும் முடிவாகவில்லை. வயதில் மூத்தவன் என்பதால் முதலிடத்தை நான் எடுத்துக்கொள்கிறேன்.

என் மருமகள் லீஸ்பெத் ஹாலந்துக்காரி. கல்யாணமாகி, என் மகனிடம் தமிழும் கற்றுக்கொண்டு, முதல்முறையாகத் தூத்துக்குடிக்கு வந்திருந்தாள். அன்று வருஷக் கடைசி நாள். அவர்கள் ஊரில் அன்றைக்கு வீட்டுக்கு வீடு ஒலிபொல்லன் பொரிப்பார்களாம். புளித்த மைதாமாவில் உலர்திராட்சை போட்டு, எண்ணெயில் பொரித்து, சர்க்கரைப் பொடி தூவிய உருண்டை. காலையிலிருந்தே அவள் முகம் வாடிக் கிடந்தது.

மகன் அவளைக் கடற்கரைக்கு அழைத்துப் போனான். போகும்முன், அவள் அம்மா அனுப்பிய செய்முறையைத் தமிழில் எழுதிக் கொடுத்தான். "எழுதியிருக்கிறபடியே செய்யுங்கப்பா. சொந்தமா யோசிக்காதீங்க."

அந்தப் பழக்கம் எங்களுக்கு இல்லை என்பது அவனுக்குத் தெரியாது.

என் மனைவி இருந்திருந்தால் அடுப்பங்கரைப் பக்கமே விட்டிருக்க மாட்டாள். இல்லாததால் அவள் தம்பி சிதம்பரக்குட்டியும் பக்கத்து வீட்டு சந்தியாகுவும் துணைக்கு வந்தார்கள்.

'மாவை ஈரத்துணியால் மூடவும்' என்றிருந்தது. கொடியில் கிடந்த துண்டெல்லாம் காய்ந்திருந்தது. சந்தியாகு ஒன்றைத் தோளில் போட்டுக்கொண்டு போய்க் குளித்துவிட்டு வந்தார்.

'வெதுவெதுப்பான இடத்தில், அசைக்காமல்.' கட்டிலில் வைத்துப் போர்வை போர்த்தினோம். தெருவில் மீன்காரம்மா கூவினாள். சந்தியாகு வாயில் விரலை வைத்தபடி ஓடினார். "சத்தம் போடாத தாயி, உள்ள மாவு கிடக்கு."

கடைசி வரி: 'எண்ணெயில் உருண்டை தானாகவே புரண்டுகொள்ளும்.'

சிதம்பரக்குட்டிக்கு வடை தட்டிப் பழகிய கை. தட்டையாகவே போட்டான். சட்டியைச் சுற்றி நின்றோம். ஒன்றும் புரளவில்லை. கருகும் வாசனை வந்தது.

"கரண்டியால புரட்டட்டுமா அத்தான்?"

"தானாகன்னு எழுதியிருக்கு. நீ புரட்டினா அது தானா புரண்டதா ஆகுமா?"

ஆகாது என்று ஒத்துக்கொண்டான். முதல் ஈடு கரியானது. இரண்டாவதும் கரியானது. இனி நாலு உருண்டைக்குத்தான் மாவு. அவர்கள் வரும் நேரமும் ஆகிவிட்டது. அவளுக்கு எதைக் கொடுப்பேன்?

சந்தியாகு தலையைச் சொறிந்தார். "அண்ணாச்சி, மூணு ஆம்பளை இப்படி முறைச்சுப் பார்த்தா யார்தான் புரண்டு படுப்பா? அதுவும் வெளியூர்ப் பலகாரம். கூச்சப்படுது."

நியாயமாகத்தான் பட்டது. கடைசி நாலையும் போட்டுவிட்டு மூவரும் சுவரைப் பார்த்து நின்றோம்.

பின்னால் சலசலவென்று சத்தம்.

"புரளுது அத்தான்!"

"திரும்பாதல, பேசாம நில்லு."

நூறு எண்ணிவிட்டுத் திரும்பினோம். நாலும் பொன்னிறமாகக் கிடந்தன. பக்கத்தில் கரண்டியோடு லீஸ்பெத்.

"மாமா, நான்தான் புரட்டினேன்."

"உங்க மனசு நோகக்கூடாதுன்னு பொய் சொல்லுது அண்ணாச்சி. தங்கமான பிள்ளை" என்றார் சந்தியாகு.

அவள் கண்ணில் நீர் வரச் சிரித்தாள். புருஷனுக்கு ஒன்றுகூடக் கொடுக்காமல் நாலையும் தின்றாள்.

இப்போது வருஷா வருஷம் வருகிறாள். போன வருஷம் நாங்கள் சுவரைப் பார்த்து நின்றபோது பக்கத்தில் வந்து அவளும் நின்றுகொண்டாள்.

"அது தானா புரளுற சத்தத்தை நானும் கேக்கணும் மாமா."

நால்வரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றோம். கருகும் வாசனை வந்தது.

"பயப்படாதீங்க" என்று சிதம்பரக்குட்டி சுவரிடம் சொன்னான். "இன்னைக்கு ஆள் ஒண்ணு கூடிப்போச்சு. கூச்சம் தெளியக் கொஞ்சம் நேரமாகும்."

நாங்கள் கண்ணையும் மூடிக்கொண்டோம்.