தயிராயியின் கை

சீசாக்களும் ஜாடிகளும் வாய்விட்டுப் பேசிக்கொண்டிருந்த காலம் அது. ஒரு மருந்துச்சாலையில், வெதுவெதுப்பான பால் பானைக்குள் தயிராயி பிறந்தாள். பால் தயிரானால் அதில் ஒரு புளிப்பு வருமே, அந்தப் புளிப்புதான் அவள். ஒருத்தி என்றா சொன்னேன்? ஒரு சொட்டுக்குள் கோடிப் பேர் இருப்பார்கள். எல்லாரும் ஒரே அச்சு, ஒரே மனசு. எண்ணிக்கொண்டிருந்தால் கதை நகராது, ஒருத்தி என்றே வைத்துக்கொள்வோம்.

அவளுக்கு நாலு கை. ஒன்று புளிப்புக் கை. ஒன்று ஈரக் கை. ஒன்று எண்ணெய்ப் பிசுக்குக் கை. நாலாவது கை ரொம்பச் சின்னது, பொட்டு மாதிரி இருக்கும்.

பக்கத்துப் பானையில் எதிராயி பிறந்தாள். அவளுக்கும் அதே நாலு கை. எடை போட்டாலும் ஒன்று, ருசி பார்த்தாலும் ஒன்று. ஆனால் கைகள் முளைத்திருக்கும் வரிசை மட்டும் நேர் எதிர். தயிராயி கண்ணாடி முன்னால் போய் நின்றால் உள்ளே யார் தெரிவாளோ, அவள்தான் எதிராயி. அவ்வளவுதான் வித்தியாசம். அந்த அவ்வளவுதான் எத்தனை பேரை அலைக்கழித்தது என்பதைத்தான் சொல்ல வந்தேன்.

மருந்துச்சாலை வாசலில் குழலார் இருந்தார். நீளமான பித்தளை உடம்பு, உருண்டைக் கண்ணாடிக் கண். யார் வந்தாலும் தன் வயிற்றுக்குள் படுக்க வைத்து, ஒரு மஞ்சள் கதிரை நெட்டுக்குத்தாக நிறுத்தி உள்ளே அனுப்புவார். வந்தவரைத் தாண்டி வெளியே வரும்போது கதிர் வலது பக்கம் சாய்ந்திருந்தால் வலஞ்சுழி. இடது பக்கம் சாய்ந்திருந்தால் இடஞ்சுழி. தயிராயியைக் கடந்த கதிர் வலது பக்கம் சாய்ந்தது. எதிராயியைக் கடந்தது இடது பக்கம் சாய்ந்தது.

குழந்தைகளுக்குத் தயிராயிதான் ஒத்துக்கொண்டாள், எதிராயி ஒத்துக்கொள்ளவில்லை. அதைப் பார்த்த யாரோ புண்ணியவான், 'வலஞ்சுழிக்கு மட்டுமே அனுமதி' என்று ஒரு பலகை எழுதிக் குழலார் தலைக்கு மேலே மாட்டிவிட்டுப் போனார். நாளாக ஆக, தயிராயி என்ற பேரே எல்லாருக்கும் மறந்துபோயிற்று. "வலஞ்சுழியம்மா வர்றாங்க, வழி விடுங்க" என்பார்கள். அவளும் அந்தப் பேருக்குத்தான் திரும்பிப் பார்த்தாள். பெருமை யாரைத்தான் விட்டது!

எதிராயியோ எப்போது வந்தாலும், "இடஞ்சுழியா? திரும்பிப் போ" என்ற பேச்சைத்தான் கேட்டாள். கடைசியில், தோல் ஊறப்போடவும் புளிப்பு வேண்டுமே, தோல் பதனிடும் இடத்துக்கு அனுப்பலாம் என்று அவளை ஓர் ஓரத்தில் வைத்திருந்தார்கள்.

இப்படி இருக்கையில் செண்பகவல்லி என்ற பெண் தன் குழந்தையைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்தாள். குழந்தை பேர் இளவேனி. எலும்பில் வலுவில்லை. மற்றக் குழந்தைகள் தவழும் வயசில் இதற்குத் தலையே நிற்கவில்லை, தாயின் தோளில் துவண்டு கிடந்தது. எலும்புக்குச் சுண்ணாம்பு வேண்டும். ஆனால் சுண்ணாம்பைத் தனியாகப் பச்சைக் குழந்தை வாயில் வைக்க முடியுமா? வெந்துபோய்விடாதா?

சுண்ணாம்பின் பேர் சுண்ணப்பன். நல்லவன், ஆனால் தொட்டால் சுடுவான். அது அவனுக்கே வருத்தம். யாரிடமும் நெருங்கிப் பழக மாட்டான். கூடவே ஒருத்தி கைபிடித்து வந்தால் அவன் சூடு தணியும், குழந்தைக்குள் பக்குவமாகப் போவான் என்று மருந்துச்சாலையில் முடிவு செய்தார்கள். தயிராயியைக் கேட்டார்கள்.

"குழந்தைக்குன்னா நான் வரேன்" என்றாள் அவள்.

தண்ணீருக்குள் கல்யாணம் நடந்தது. தயிராயி தன் புளிப்புக் கையை நீட்டினாள், சுண்ணப்பன் பிடித்துக்கொண்டான். குப்பென்று சூடு பறந்து, பிறகு அடங்கிப்போயிற்று. அவன் சுடவில்லை, அவள் புளிக்கவில்லை. எதிராயிக்கும் போகிற போக்கில் ஒரு சுண்ணாம்பைப் பார்த்துக் கட்டி வைத்தார்கள். அதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

வாசலில் குழலார் வழக்கம்போல எழுந்து நின்று, "வாங்க வலஞ்சுழியம்மா, இதெல்லாம் ஒரு சம்பிரதாயந்தான்" என்று கதிரை அனுப்பினார். அனுப்பியவர் முகம் சுருங்கியது. மறுபடி அனுப்பிப் பார்த்தார். கதிர் இடது பக்கம் சாய்ந்து வந்தது.

"ஐயா, என்னாச்சு?" என்றாள் தயிராயி.

"இடஞ்சுழி" என்றார் குழலார். அவர் குரலே இறங்கிப்போயிருந்தது.

அவ்வளவுதான், மருந்துச்சாலை முழுக்க ஒரே பேச்சு. சர்க்கரைப் பாகு ஜாடிக்கு வாயெல்லாம் இனிப்பு, அதனால்தான் அது சொல்வதை எல்லாரும் நம்பினார்கள். "பாத்தீங்களா? நேத்து வரைக்கும் எப்படி இருந்தா! கல்யாணம் ஆச்சு, ஆளே மாறிட்டா. இப்ப அவ தயிராயியே இல்ல, எதிராயி ஆயிட்டா" என்றது. அந்த வெறும் வாய்க்கு அவல் கிடைத்த சந்தோஷம்.

தயிராயியின் சீசாவைத் தூக்கிக் கழுநீர்த் தொட்டிக்குப் பக்கத்தில் வைத்தார்கள். அப்புறம் யாருக்கோ யோசனை வந்து எதிராயியைக் கூப்பிட்டார்கள். சுண்ணாம்போடு சேர்ந்திருந்த அவளைக் கடந்த கதிர் வலது பக்கம் சாய்ந்தது!

"வலஞ்சுழி!" என்று குழலார் சொன்னதும் ஜாடிகள் எல்லாம் ஆரவாரம் செய்தன. எதிராயிக்கு முத்திரை குத்தினார்கள். வாழ்நாளில் முதன்முறையாக ஒரு கதவு அவளுக்குத் திறந்தது. அவளுக்கு அழுகையே வந்துவிட்டது.

வெளியே செண்பகவல்லியின் குரல் கேட்டது. "இன்னும் மருந்து வரலையாங்க? புள்ள கண்ணையே திறக்க மாட்டேங்குதே!"

"இதோ, இதோ" என்று சொட்டுக்குழாய் பரபரத்தது. மருந்தை உறிஞ்சிக் குழந்தை வாயில் விடுவது அதன் வேலை.

தொட்டிப் பக்கம் தயிராயி ஒடுங்கி உட்கார்ந்திருந்தாள். "நான் நெஜமாவே மாறிட்டேனா?" என்று சுண்ணப்பனைக் கேட்டாள். "எனக்கு ஒண்ணும் தெரியலையே. நான் நானாத்தானே இருக்கேன். ஆனா இத்தனை பேரு சொல்றாங்களே."

சுண்ணப்பன் தலை குனிந்தான். "எல்லாம் என்னாலதான். நான் வேணா விலகிடறேன், தாயி."

குழலாருக்கும் மனசு கேட்கவில்லை. "அம்மா, ஒரு வழி இருக்கு. சோதனை முடிஞ்சு உன் மிச்சம் ஒரு சொட்டு இந்தத் தட்டுல இருக்கு பாரு. இதுல கொஞ்சம் திராவகம் விட்டா அவன் உன் கையை விட்டுடுவான். நீ தனியா வந்தா கதிர் பழையபடி வலது பக்கம் சாயலாம். நான் இப்பவே முத்திரை குத்தறேன்" என்றார்.

தயிராயிக்கு ஆசைதான். அந்தப் பேர் மறுபடி கிடைக்கும், எல்லார் வாயும் அடைக்கும். ஆனால் சட்டென்று தலையை ஆட்டினாள்.

"தனியா வந்து என்ன பண்றது? அந்தக் குழந்தைக்கு வேண்டியது சுண்ணாம்பு. நான் நல்லவள்னு பேர் வாங்கறதுக்காக அவரை விட்டுட்டுப் போனா, புள்ளை எலும்புக்கு யார் பதில் சொல்றது?"

அந்தத் தட்டில் எதிராயியின் மிச்சச் சொட்டும் கிடந்தது. ஒரு சொட்டு என்றாலும் அதில் இருப்பவள் அவள்தானே. தயிராயி அவளைப் பார்த்தாள். எதிராயி முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

"என்னை ஏன் அப்படிப் பாக்கறே? நானா உன் இடத்தைக் கேட்டேன்?" என்றாள் எதிராயி. "இன்னிக்குத்தான் என்னை மனுஷியா மதிச்சிருக்காங்க. அதையும் பறிக்கணுமா?"

"பறிக்க வரலை. ஒண்ணே ஒண்ணு கேக்கறேன். நான் நீயா ஆயிட்டேன்னு சொல்றாங்க. அப்படின்னா நாம ரெண்டு பேரும் ஒரே அச்சுதானே? ஒரு தட்டு மேல இன்னொரு தட்டை அடுக்கற மாதிரி நான் உன் மேல அப்படியே பொருந்தணும். பொருந்தறேனான்னு பாத்துடலாம், வா."

எதிராயி தயங்கினாள். பிறகு சொட்டுக்குள் சொட்டு கலந்தது. தயிராயி தன் புளிப்புக் கையை அவள் புளிப்புக் கை மேல் வைத்தாள். பொட்டுக் கையைப் பொட்டுக் கை மேல் வைத்தாள். சரியாக இருந்தது. ஆனால் அவள் ஈரக் கை போய் விழுந்தது எதிராயியின் எண்ணெய்க் கை மேல். திரும்பிப் பார்த்தார்கள், கவிழ்ந்து பார்த்தார்கள், சுற்றிச் சுற்றி வந்தார்கள். ரெண்டைப் பொருத்தினால் ரெண்டு தப்பியது. நாலும் ஒருசேரப் பொருந்தவே இல்லை.

"நான் நீ ஆகலை" என்றாள் தயிராயி. "நான் அவருக்குக் கொடுத்தது கை நுனியை மட்டுந்தான். கை முளைச்ச இடம் அப்படியே இருக்கு. நான் மாறவே இல்லை."

பிறகு குழலாரைப் பார்த்துக் கேட்டாள். "ஐயா, உங்க கண்ணுக்கு என் கை தெரியுமா?"

"தெரியாதும்மா" என்றார் குழலார். "கதிர் எந்தப் பக்கம் சாயுதுன்னு மட்டுந்தான் தெரியும். அன்னிக்கும் பொய் சொல்லலை, இன்னிக்கும் பொய் சொல்லலை. வலதுன்னா வலது, இடதுன்னா இடது. யார் கூட நின்னா அது எப்படிச் சாயும்னு எனக்குத் தெரியாது. கையைப் பத்தி எங்கிட்ட யாரும் கேக்கவும் இல்லை. அந்தப் பலகை நீ தனியா இருந்தப்ப எழுதினது."

"அப்ப அதை இறக்குங்க, ஐயா."

"அதுக்குள்ள..." என்று குழலார் திரும்பினார். சொட்டுக்குழாய் எதிராயியின் சீசாவுக்குள் இறங்கிவிட்டிருந்தது. வெளியே குழந்தையின் வாயைத் தாய் திறந்து வைத்திருந்தாள்.

எதிராயிக்கு எல்லாம் தெரியும். குழந்தையின் கல்லீரலில் நொதியம்மா என்று ஒருத்தி இருக்கிறாள், வருகிறவளைக் கைபிடித்து உள்ளே அழைத்துப்போவது அவள் வேலை, தன் கை அவளுக்குப் பிடிபடாது என்பதெல்லாம் அவளுக்குத் தெரியும். தான் போனால் அந்த வாசலிலேயே தேங்கி நிற்க வேண்டும். தேங்கத் தேங்கப் பச்சை உடம்பு தாங்காது. தெரிந்தும் அவள் வாய் திறக்காமல்தான் இருந்தாள். குற்றம் சொல்ல எனக்கு மனசு வரவில்லை. ஆயுசு முழுக்கத் துரத்தப்பட்டவள், ஒருநாள் மரியாதையை விட்டுவிடச் சொன்னால் யாருக்குத்தான் வலிக்காது?

சொட்டுக்குழாய் அவளை உறிஞ்சித் தூக்கியது. குழந்தை ஈனஸ்வரத்தில் ஒரு தடவை முனகியது.

"நிறுத்து!" என்று கத்தினாள் எதிராயி. "என்னைக் கொட்டிடு. நான் அவ இல்ல. அவளைக் கூட்டிட்டுப் போ!"

பாகு ஜாடிகூட வாயை மூடிக்கொண்டது. சொட்டுக்குழாய் அவளைத் தொட்டியில் கொட்டிவிட்டு, சுத்தமாகக் கழுவிக்கொண்டு தயிராயியிடம் வந்தது. எதிராயி எந்தப் பக்கமும் பார்க்காமல் தண்ணீரோடு போனாள். "நல்லா இரு" என்று தயிராயி சொன்னது அவள் காதில் விழுந்ததோ என்னவோ.

தயிராயி இளவேனியின் நாக்கில் விழுந்தாள். குழந்தை சப்புக்கொட்டியது. தொண்டை தாண்டி, வயிறு தாண்டி, இருவரும் ரத்தத்தில் கலந்தார்கள். அங்கே சுண்ணப்பன் அவள் கையை மெல்ல விட்டான்.

"நான் எலும்புப் பக்கம் போகணும், தாயி. எனக்காக எவ்வளவு பேச்சு வாங்கிட்டே!"

"போயிட்டு வாங்க. அந்தக் கழுத்து நிக்கணும், அதுதான் நமக்கு வேணும்" என்றாள் அவள். அவன் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனான். பேர் வாங்குவதற்காக விடாத கையை, குழந்தைக்காக விட்டாயிற்று.

தட்டுத் தடுமாறிக் கல்லீரல் வாசலுக்கு வந்தாள். எதிரே நிற்பது யாரென்றுகூடத் தெரியவில்லை. பேச்சு வாங்கி வாங்கிப் பயந்திருந்தவள், கேட்பதற்கு முன்பே சொல்லத் தொடங்கினாள்.

"அம்மா, முன்னால என்னை வலஞ்சுழின்னு சொன்னாங்க. அப்புறம் இடஞ்சுழின்னு ஒதுக்கி வெச்சாங்க. இப்ப நான் எந்தப் பக்கமோ எனக்கே தெரியலை. வெளிச்சத்தை விட்டுப் பாத்துட்டு என்னைச் சேத்துக்கோங்க."

இருட்டுக்குள்ளிருந்து நொதியம்மா சிரிக்கும் சத்தம் கேட்டது.

"இங்கே ஏது ஆத்தா வெளிச்சம்? கையைக் கொடு."