காணாமல் போனவரைத் தேடப் போனவர்

மேற்கு மலைச் சீமையில் விஞ்ஞானி வில்வநாதர் பேரைச் சொன்னால் அழுகிற பிள்ளையும் வாயை மூடும். மழை பெய்தால் நனைந்து காட்டும் கருவியை முதன்முதலில் செய்தவர் அவர்தான். அப்பேர்ப்பட்டவர் மாயலோகத்துக்குள் போய் எப்படிக் காணாமல் போனார் என்பதற்கு ஆளாளுக்கு ஒரு கதை வைத்திருக்கிறார்கள். நடந்ததைப் பக்கத்தில் நின்று பார்த்தவன் அவருடைய தலைமை உதவியாளன் உச்சிமாகாளி. அவனுக்குத்தான் இன்னும் ஒன்றும் விளங்கவில்லை.

மாயலோகத்துக்கு வாசல் ஒரு குகை. உச்சிமாகாளியையும், அவனுக்கு ஒத்தாசையாக வந்த கச்சிராயன், தொப்பளான் இருவரையும் அங்கே நிறுத்தி வில்வநாதர் உத்தரவு போட்டார்.

"விளக்கு அணையாமப் பாத்துக்கிடுங்க. இந்தப் புளிச்சோத்துப் பொட்டலம் எனக்கு, வேற யாருக்கும் குடுத்திராதீங்க. உள்ள எல்லாம் மாயம். என்னை மாதிரியே ஒருத்தன் வந்து நின்னாலும் நம்பிராதீங்க."

குகைக்குள்ளிருந்து காற்று வீசியது. உள்ளே கொண்டு போனால் விளக்கு அணைந்துவிடும் என்று உச்சிமாகாளி அதை வெளியிலேயே வைத்துக்கொண்டான். விஞ்ஞானியும் ஏதோ யோசனையில் வெறுங்கையோடு இருட்டுக்குள் நடந்து போனார்.

வெயில் உச்சிக்கு ஏறும்போது, முட்டியில் சிராய்ப்பும் தலையில் ஒட்டடையுமாக வில்வநாதர் வெளியே வந்தார். மாயலோகத்தைக் கண்டாரோ இல்லையோ, பாறைகளை நன்றாகக் கண்டிருந்தார்.

"பசி உசிரு போகுது. பொட்டலத்தை எடுலே."

உச்சிமாகாளி பொட்டலத்தை முதுகுக்குப் பின்னால் மறைத்தான். "நீரு யாருவே?"

"நான்தாம்லே, வில்வநாதன்."

மூவரும் ஒதுங்கிப் போய் ஆலோசித்தார்கள்.

"மூக்கு, முழி எல்லாம் ஐயா மாதிரிதான இருக்கு" என்றான் கச்சிராயன்.

"அங்கதாம்லே இடிக்கு. ஐயா மாதிரியே வருவான்னுதான சொன்னாரு? வேற மாதிரி வந்திருந்தா நம்பியிருக்கலாம்" என்றான் தொப்பளான்.

கடைசியில் உச்சிமாகாளி தீர்ப்புச் சொன்னான். "ஐயா உள்ள போனவரு. இவரு வெளிய நிக்காரு. இதுல பேச என்ன இருக்கு?"

அவனுக்கு ஐயா மேல் உயிர். உள்ளே பசியோடு கிடக்கிறாரே என்று நினைத்ததும் கண் கலங்கிவிட்டது. வந்தவர் கையைப் பிடித்துக்கொண்டான். "நீரு யாராவும் இருந்துட்டுப் போரும். உமக்கு வழி தெரியும். உள்ள போயி எங்க ஐயாவைக் கூட்டிட்டு வாரும், புண்ணியமாப் போகும்."

இவர்களிடம் வாதாடுவதைவிட நடப்பது மேல் என்று வில்வநாதருக்குப் பட்டது. உள்ளே போனார், கொஞ்ச நேரம் சும்மா நின்றார், திரும்பி வந்தார். "நீங்க அனுப்புன ஆளு கூப்பிட்டாரு. வந்துட்டேன்."

மூவரும் நெடுஞ்சாண்கிடையாக விழுந்தார்கள். உச்சிமாகாளிக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன. பொட்டலத்தைத் தானே பிரித்து வைத்தான். முதல் உருண்டை வாய்க்குப் போகும்போது அவர் கையைப் பிடித்தான்.

"ஐயா, அந்த மனுசன் எங்க?"

"எந்த மனுசன்?"

"உங்களைக் கூப்பிட வந்தவரு. நம்மளுக்காகப் போனாரே. அவரும் பசிக்குன்னுதான் சொன்னாரு."

"அவனும் நானும் ஒரே ஆளுதாம்லே."

தொப்பளான் கச்சிராயன் காதில் சொன்னான்: "மாயம் ஐயா மண்டைக்குள்ள ஏறிட்டு."

"ஒருத்தரை உள்ள விட்டுட்டு எப்படிய்யா சோறு இறங்கும்?" என்று உச்சிமாகாளி தேம்பித் தேம்பி அழுதான்.

அந்த அழுகையைப் பார்த்ததும் வில்வநாதருக்கே லேசாகச் சந்தேகம் தட்டியது. எதையும் நேரில் பார்க்காமல் இல்லை என்று சொல்லக் கூடாது என்பது அவருடைய கொள்கை. உருண்டையை இலையில் வைத்துவிட்டு எழுந்தார்.

"பாவம், எந்தப் பாறையில முட்டிக்கிட்டு நிக்கானோ. பாத்துட்டு வாரேன்."

விளக்குக்குக் கை நீட்டினார்.

"காத்து அடிக்குய்யா" என்றான் உச்சிமாகாளி.

அதுவும் சரிதான் என்று இருட்டுக்குள் போனார். போனவர் போனவர்தான்.

விளக்கு இன்றுவரை அணையவில்லை. உச்சிமாகாளி இப்போதெல்லாம் குகை வாசலுக்கு இரண்டு பொட்டலம் கட்டிக்கொண்டு வருகிறான். இருவரில் யார் முதலில் வந்தாலும் சரி, மற்றவர் வந்து உட்காரும்வரை சோற்றில் கை வைக்க விடுவதில்லை என்று உறுதியாக இருக்கிறான்.