இல்லாத வண்டிப்பாதை

இந்தக் கதையை நான் பல வருஷங்களாக நம்பவில்லை. சொன்னவர் வக்கீல் குமாஸ்தா தேசிகன். கதையில் மூக்கறுபடுவதோ அவருடைய வக்கீலின் கட்சிக்காரர்.

மிராசுதார் வைத்திலிங்கத்தின் இரண்டு வயல்களுக்கு நடுவே பூவாயிக்கு அரைக்காணி நிலம் இருந்தது. மூன்றுக்கும் ஒரே வண்டிப்பாதை; மிராசுதாரின் முன்வயலில் நுழைந்து, பூவாயி நிலத்தைக் கடந்து, அவருடைய பின்வயலில் முடியும். அதை அடைத்தால் அவள் நிலத்தை விற்றுவிடுவாள் என்று நினைத்த மிராசுதார், மூன்று வயல்களிலும் பாதையே கிடையாது என்று வழக்குப் போட்டார். கோர்ட்டும் அப்படியே தீர்ப்புச் சொன்னது.

அப்பீல் போகச் சொன்னவர்களிடம், "தீர்ப்பு நல்லாத்தானே இருக்கு" என்றாள் பூவாயி. வரப்பு வழியே நடந்துபோய், தன் நிலத்துப் பாதையில் வரிசையாக முருங்கை நட்டாள்.

தை பிறந்தது. மிராசுதாரின் பின்வயலுக்குப் புறப்பட்ட அறுவடை இயந்திரம் முருங்கைக்கு முன்னால் நின்றது.

"வழிய விடு பூவாயி, நெல்லு கொட்டுது."

"எந்த வழிங்கய்யா? இங்க வழியே கிடையாதுன்னு நீங்கதானே கூண்டுல ஏறிச் சத்தியம் பண்ணினீங்க? நான் விட்டா கோர்ட்டு என்னையில்ல கேக்கும்?"

மிராசுதார் தேசிகனுடைய வக்கீலிடம் ஓடினார்.

"கேட்டதெல்லாம் கிடைச்சிருக்கு. ஜெயிச்ச கேஸுக்கு அப்பீல் கிடையாதுங்க" என்றார் வக்கீல்.

மறுநாளே பூவாயிக்கும் அவள் வாரிசுகளுக்கும் பாதையில் உரிமை உண்டு என்று மிராசுதார் பத்திரம் பதிந்து கொடுத்தார். அதைக் கையில் வாங்கிய பிறகுதான் அவள் முருங்கையை வெட்டினாள்.

பூவாயிக்குக் கையெழுத்துப் போடக்கூடத் தெரியாது. போன மாதம் தேசிகனிடம் கேட்டேவிட்டேன்: "ஜெயிச்சவர் அப்பீல் போக முடியாதுன்னு அவளுக்கு யார் சார் சொன்னது?"

"அது சட்டம்தானே, கட்சிக்காரர் ரகசியமா என்ன, வெளியே சொல்லக் கூடாதுங்கறதுக்கு?" என்று சிரித்தார் தேசிகன்.