ரயிலடியில் கூப்பிட்ட பெயர்

"திரையில் உங்கள் உதடு வேறு என்னமோ சொல்கிறது, எலிசவேதா கர்தேயெவ்னா," என்றாள் ராயா. அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

எலிசவேதாவால் பதில் சொல்ல முடியாது. படப்பிடிப்பு முடிந்த கையோடு தொண்டையில் அறுவை சிகிச்சை நடந்தது. குரல் போய்விட்டது.

சோவியத் நாடு முழுக்கத் தெரிந்த குரல் அது.

ஊமைப்படக் காலத்தில் வெறும் கண்ணாலேயே கொட்டகையை அழவைத்தவர் அவர். படம் பேசத் தொடங்கியதும் அவரோடு நடித்த அழகிகள் பலர் வாயைத் திறந்தார்கள், வீட்டுக்குப் போனார்கள். இவர் வாயைத் திறந்தார், ஊரே வாயைப் பிளந்தது. போர்முனையில் லாரி மேல் நின்று நடித்துக் காட்டினார். அவர் படத்தைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு செத்துப்போன பட்டாளத்துக்காரர்கள் எத்தனையோ பேர்.

ராயாவை ஸ்டுடியோ வேண்டாம் என்று சொல்லியிருந்தது. முகம் எடுபடவில்லையாம். வாசலில் அவள் காவலாளியோடு சண்டை போடும் சத்தத்தைக் கேட்டு, எலிசவேதாதான் கையசைத்து உள்ளே அழைத்துக்கொண்டார். தன் கடைசிப் படத்துக்கு அவளைத் தன் குரலாக்கினார்.

அந்தக் குளிர்காலம் முழுக்கப் பேச்சில்லாமலே பாடம் நடந்தது. ராயாவின் முதுகில் அவர் உள்ளங்கை பட்டால் மூச்சு விடலாம். கை விலகினால் நிறுத்த வேண்டும்.

எல்லாக் காட்சியும் முடிந்தது. ஒன்றுதான் பாக்கி.

போருக்குப் போகும் ரயில் நகர்கிறது. மனைவி கூடவே ஓடுகிறாள். ஒரே ஒரு தடவை கணவனைப் பெயர் சொல்லிக் கூப்பிடுகிறாள்: ஆந்த்ரேய். அந்தக் கூப்பாட்டுக்காகத்தான் படமே எடுத்தேன் என்று இயக்குநர் சஃப்ரோனவ் சொல்லிக்கொண்டிருந்தார்.

அங்கே படம் பிடிக்கும்போது ஒலி எடுப்பதில்லை. கேமரா மாவு மில் மாதிரி இரையும். பேச்செல்லாம் பிறகு டப்பிங் அறையில்தான்.

"ஆந்த்ரேய் என்றால் வாய் திறந்துதானே ஆரம்பிக்கும்," என்றாள் ராயா. "உங்கள் உதடு ஒட்டியிருக்கிறது. காலையிலிருந்து கத்துகிறேன், பொருந்தவே இல்லை. இன்றைக்குள் முடியாவிட்டால் சஃப்ரோனவ் வேறு ஆளைக் கூப்பிடுவாராம்."

அவளுக்கு வேறு போக்கிடம் இல்லை. அந்த ஒரு கூப்பாடு சரியாக விழுந்தால் ஸ்டுடியோவில் இடம் நிச்சயம். விழாவிட்டால் படத்துக்கே ஆபத்து. பொருந்தாத உதட்டைப் பார்த்தால் மேலிடத்தில் கேட்பார்கள், அந்த அம்மாள் அங்கே என்னதான் சொன்னாள் என்று.

ராயா பென்சிலை நீட்டினாள். எலிசவேதா தலையசைத்து மறுத்தார். அவர் எதையும் எழுதிக் காட்டுவதே இல்லை. எழுதினால் அது எங்கேயாவது கிடக்கும். அந்தக் காலத்தில் அப்படிக் கிடந்த தாளைப் பிடித்துக்கொண்டு போலீஸ் ஆளைத் தேடி வந்தது.

எழுந்துபோய்க் கதவைச் சாத்தினார்.

ராயாவின் விரல்களை எடுத்துத் தன் உதட்டின் மேல் வைத்துக்கொண்டார். குரலில்லாமல் கூப்பிட்டார்.

உதடு ஒட்டியது. பிரிந்தது. சூடான மூச்சு விரலில் பட்டது.

"இன்னொரு தடவை," என்றாள் ராயா.

அவர் மறுபடி கூப்பிட்டார்.

மகார்.

ராயா வெடுக்கென்று கையை இழுத்துக்கொண்டாள்.

மகார் அந்த ஸ்டுடியோவில் கேமராமேனாக இருந்தவர், எலிசவேதாவின் கணவர். போருக்கு முந்தைய ஓர் ஆண்டில் ரகசியப் போலீஸின் கறுப்பு வண்டி வந்து அவரை ஏற்றிக்கொண்டு போனது. அதற்குப் பிறகு பழைய படங்களின் டைட்டிலிலிருந்துகூட அவர் பெயரை எடுத்துவிட்டார்கள். ராயா அதைக் கேள்விப்பட்டதே கிசுகிசுப்பாகத்தான். மனைவி அந்தப் பெயரைச் சொன்னதாக யாரும் கேட்டதில்லை.

"அத்தனை பேர் முன்னாலா சொன்னீர்கள்?"

ஆமென்று ஒரு தலையசைப்பு.

"கேமரா ஓடும்போதா?"

எலிசவேதா சிரித்தார். களவாடித் தின்ற சிறுமி மாதிரி ஒரு சிரிப்பு.

பக்கத்து வீட்டுக்குக்கூடக் கேட்கக் கூடாத ஒரு பெயரை இந்த அம்மாள் கொட்டகை கொட்டகையாகக் கூப்பிடக் கிளம்பியிருக்கிறார். இவரைக் கட்டிக்கொள்வதா, இவர் முன்னால் மண்டியிடுவதா என்று ராயாவுக்குத் தெரியவில்லை.

"நான் எந்தப் பெயரைச் சொல்லட்டும்?"

எலிசவேதா அவளுடைய விரல்களை எடுத்து அவளுடைய உதட்டின் மேலேயே வைத்தார்.

டப்பிங் அறையில் விளக்கு அணைந்தது. திரையில் ரயில் நகர்ந்தது. அந்தப் பெண் ஓடினாள். ராயாவின் மூச்சு அவளோடு ஓடியது, இளைத்தது, விம்மியது. இம்மி பிசகவில்லை.

உதடு ஒட்டியது. பிரிந்தது.

ராயா சத்தமே எழுப்பவில்லை.

விளக்கு எரிந்தது. "பெயர் எங்கே?" என்றார் சஃப்ரோனவ்.

"எஞ்சின் ஊதிவிட்டது, தோழர் இயக்குநர். அந்தச் சத்தத்தில் யாருக்குமே கேட்டிருக்காது."

"உன்னை ஊருக்குக் காட்டப்போகிற இடமே அதுதான். தெரியுமா?"

"தெரியும்."

சஃப்ரோனவ் அவளைப் பார்த்தார். மூலையில் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்த எலிசவேதாவைப் பார்த்தார். தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார்.

பிறகு ஒலிப்பதிவாளரிடம் திரும்பினார்.

"ஊதல் பலமாக இருக்கட்டும்," என்றார். "அம்மாள் சொல்லி முடிக்கும்வரை நிறுத்தாதே."